அறிக்கையில் ‘ஏ. ஈஜிப்டி’, ‘கியூலக்ஸ் எஸ்.பி.பி.’, ‘ஆர். சபால்பேட்டஸ்’: எப்படிப் படிப்பது, எங்கே என்ன செய்வது?

மஞ்சக்குப்பம் சங்கம்

வணக்கம். எங்கள் நகரில் எடுத்த கொசுப்புழு ஆய்வின் முடிவு வந்திருக்கிறது. குடியிருப்போர் சங்கப் பலகையில் ஒட்ட, நாலு பேருக்குப் புரிகிற மாதிரி ஒரு பக்கம் எழுத வேண்டும். தாளில் இருப்பது இவ்வளவுதான்:

ஏ. ஈஜிப்டி: மாடித் தொட்டி, சிமென்ட் தொட்டி, டயர்
கியூலக்ஸ் எஸ்.பி.பி.: சாக்கடை
ஆர். சபால்பேட்டஸ்: செப்டிக் டேங்க்
பார்த்த வீடு 120, புழு இருந்த வீடு 9. தண்ணீர் இருந்த கலன் 310, புழு இருந்த கலன் 14.
எச்.ஐ. 7.5, சி.ஐ. 4.5, பி.ஐ. 11.7

‘ஏ.’ என்பது ஏடிஸா, அனாபிலஸா? எஸ்.பி.பி. என்று ஒரு கொசு உண்டா? மூன்றையும் ‘கொசு’ என்று எழுதி, எல்லா இடத்திலும் மருந்து அடிக்கச் சொன்னால் ஆகாதா என்று சங்கத்தில் கேட்கிறார்கள்.

ஸ்பிரிட் பாட்டில்

ஆகாது. அந்த மூன்று வரியும் மூன்று வேறு வேலை. முதலில் பெயர்க் கணக்கைப் பார்த்துவிடலாம்.

இரட்டைப் பெயரில் முதல் சொல் பேரினம், இரண்டாவது சிற்றினம். முதல் தடவை முழுசாக எழுதிவிட்டு, அடுத்த தடவையிலிருந்து பேரினத்தைச் சுருக்குவது வழக்கம். மற்ற உயிர்களுக்கு ஓர் எழுத்து போதும். கொசுவுக்குப் போதாது, ஏனென்றால் ஏடிஸ், அனாபிலஸ், ஆர்மிஜெரஸ் மூன்றுமே ஆங்கிலத்தில் ஒரே எழுத்தில் தொடங்குகின்றன. அதனால்தான் பூச்சியியல்காரர்கள் ஈரெழுத்துச் சுருக்கம் வைத்திருக்கிறார்கள்: ஏடிஸுக்கு ஏ-ஈ, அனாபிலஸுக்கு ஏ-என், ஆர்மிஜெரஸுக்கு ஏ-ஆர், கியூலக்ஸுக்கு சி-எக்ஸ். உங்கள் தாளில் யாரோ ஏ-ஈ என்பதை ‘ஏ.’ என்றும் ஏ-ஆர் என்பதை ‘ஆர்.’ என்றும் தட்டச்சு செய்திருக்கிறார்கள். ஈஜிப்டி என்ற சிற்றினப் பெயர் பக்கத்தில் இருப்பதால் இங்கே குழப்பம் இல்லை, அது ஏடிஸ்தான். ஆனால் ‘ஏ. எஸ்.பி.’ என்று மட்டும் வந்திருந்தால் டெங்குக் கொசுவா மலேரியாக் கொசுவா என்று யாராலும் சொல்ல முடியாது. தமிழில் எழுதும்போது சுருக்கமே வேண்டாம், ஒவ்வொரு தடவையும் முழுப் பெயரை எழுதுங்கள். நமக்குப் பெரிய எழுத்தும் கிடையாது, சாய்வெழுத்துப் பழக்கமும் கிடையாது. சுருக்கினால் கண்ணில் தட்டாது.

எஸ்.பி. என்றால் பேரினம் தெரிந்துவிட்டது, சிற்றினம் எது என்று முடிவாகவில்லை, ஆனால் ஒன்றுதான். எஸ்.பி.பி. என்றால் ஒன்றுக்கு மேற்பட்ட சிற்றினங்கள். அது கொசுவின் பெயர் இல்லை. உங்கள் சாக்கடை வரி சொல்வது, ‘கியூலக்ஸ் என்பது வரை பார்த்தோம், அதற்கு மேல் பிரிக்கவில்லை’ என்பதுதான். பல தாள்களில் ஒற்றை எஸ்.பி. வர வேண்டிய இடத்திலும் கைப்பழக்கத்தில் எஸ்.பி.பி. விழுந்துவிடுகிறது.

வில்லியனூர் வயல்

அந்த எஸ்.பி.பி.யை லேசில் விடக் கூடாது. ஊருக்குள் சாக்கடையில் கிடைக்கும் கியூலக்ஸ் பெரும்பாலும் குயின்கேஃபாசியாட்டஸ், யானைக்கால் நோய்ப் புழுவைக் கடத்துவது. நெல் வயலில் கிடைப்பது டிரைடீனியோரிங்கஸும் அதன் கூட்டாளிகளும், அவை கடத்துவது ஜப்பானிய மூளைக்காய்ச்சல். இரண்டையும் ஒரே எஸ்.பி.பி.யில் அடைத்தால் எந்த நோய்க்கு எந்தப் பக்கம் ஓடுவது? தமிழ்நாட்டில் மூளைக்காய்ச்சல் 1955இல் வேலூர்ப் பக்கம் அடையாளம் காணப்பட்டது. விருத்தாசலம் வட்டாரமும் இந்த நோய் ஆய்வில் பழைய பெயர். கடலூர் மாவட்டத்துக்காரர்கள் அதை ஞாபகத்தில் வைத்துப் படிக்க வேண்டும்.

வளர்ந்த கொசுவாக இருந்தால் லென்ஸில் பிரித்துவிடலாம். டிரைடீனியோரிங்கஸின் உறிஞ்சு குழல் நடுவில் வெளிறிய வளையம் இருக்கும், கால் மூட்டுகளிலும் மெல்லிய வளையங்கள் தெரியும். குயின்கேஃபாசியாட்டஸுக்குக் குழலில் வளையம் இல்லை, காலிலும் இல்லை, மொத்தத்தில் மங்கிய பழுப்பு.

உப்பாறு வாய்க்கால்

புதுச்சேரிப் பழைய தாள்களை எடுத்தால் இன்னொரு சிக்கல். அதில் ‘கியூலக்ஸ் ஃபாட்டிகன்ஸ்’ என்றும் ‘கியூலக்ஸ் பிபியன்ஸ் ஃபாட்டிகன்ஸ்’ என்றும் இருக்கும். குயின்கேஃபாசியாட்டஸ் என்று ஒரு சொல்கூட வராது. அப்போதெல்லாம் ஊரில் வேறு கொசு இருந்ததாக நினைத்துவிடாதீர்கள். அதே சாக்கடைக் கொசுதான்.

ஸ்பிரிட் பாட்டில்

ஆமாம். தாமஸ் ஸே 1823இல் வைத்த பெயர் குயின்கேஃபாசியாட்டஸ். வீடெமான் 1828இல் வைத்தது ஃபாட்டிகன்ஸ். முந்தி வைத்த பெயருக்கே முன்னுரிமை என்பது விலங்கியல் பெயரிடல் விதி, அதனால் பின்னது உதிர்ந்துபோனது. பழைய தரவையும் புதுத் தரவையும் சேர்த்து அட்டவணை போடுகிறவர்கள் இரண்டையும் ஒரே வரியில் சேர்க்க வேண்டும்.

ஏடிஸுக்கும் இதே மாதிரி ஒரு வம்பு உண்டு. தியோபால்ட் 1901இல் ஸ்டிகோமியா என்ற பெயரை உண்டாக்கினார். பிறகு அது ஏடிஸுக்குள் துணைப் பேரினமாகப் போனது. 2004இல் அதை மறுபடி தனிப் பேரினமாக உயர்த்தினார்கள். அப்போது கொஞ்ச காலம் சில கட்டுரைகள் ‘ஸ்டிகோமியா ஈஜிப்டி’ என்று எழுதின, பல ஆய்விதழ்கள் ஏடிஸை விடவே இல்லை. 2015இல் ஏடிஸுக்கே திருப்பினார்கள். ஆக ஸ்டிகோமியா ஈஜிப்டி, ஏடிஸ் ஈஜிப்டி, நடுவில் அடைப்புக்குறியோடு ‘ஏடிஸ் (ஸ்டிகோமியா) ஈஜிப்டி’ மூன்றும் ஒன்றே. புதுக் கொசு வந்துவிட்டது என்று வாட்ஸப்பில் கிளப்ப வேண்டாம்.

கெடிலக்கரை

பெயர் சரி. தாளில் இருக்கும் எண்களைப் பார்த்தீர்களா? எனக்கு உறுத்துகிறது. எச்.ஐ., சி.ஐ., பி.ஐ. மூன்றும் ஏடிஸுக்கான அளவுகள். வாய்பாடு இப்படி:

எச்.ஐ. (வீட்டுக் குறியீடு) = ஏடிஸ் புழு இருந்த வீடு ÷ பார்த்த வீடு × 100
சி.ஐ. (கலன் குறியீடு) = ஏடிஸ் புழு இருந்த கலன் ÷ தண்ணீர் இருந்த கலன் × 100
பி.ஐ. (ப்ரெட்டோ குறியீடு) = ஏடிஸ் புழு இருந்த கலன் ÷ பார்த்த வீடு × 100

உங்கள் கணக்கில் 9/120 = 7.5, 14/310 = 4.5, 14/120 = 11.7. கூட்டல் வகுத்தல் சரி. ஆனால் அந்த 14இல் செப்டிக் டேங்கும் சேர்ந்திருக்கிறதா? ஆர்மிஜெரஸ் புழு இருந்த தொட்டியை பாசிட்டிவ் என்று எண்ணினால் மூன்று எண்ணும் வீங்கிப்போகும். களப் படிவத்தைக் கேட்டு வாங்கிப் பாருங்கள் தம்பி.

மஞ்சக்குப்பம் சங்கம்

படிவம் கிடைத்தது அண்ணே. 14இல் 2 செப்டிக் டேங்க். அதில் ஒரு வீட்டில் வேறெந்தக் கலனிலும் புழு இல்லை. இன்னொரு வீட்டில் சிமென்ட் தொட்டியில் ஏடிஸும் இருந்திருக்கிறது.

கெடிலக்கரை

அப்படியானால் ஏடிஸ் வீடு 8, ஏடிஸ் கலன் 12. எச்.ஐ. 6.7, சி.ஐ. 3.9, பி.ஐ. 10.0. பலகையில் இதைப் போடுங்கள், ஓரத்தில் ‘ஆர்மிஜெரஸ் தனி’ என்று குறிப்பிடுங்கள்.

எச்.ஐ.யும் சி.ஐ.யும் 1923இலிருந்து வழக்கில் இருப்பவை, ப்ரெட்டோ 1954இல் சேர்ந்தது. மூன்றுமே மஞ்சள் காய்ச்சலுக்காகப் பிறந்தவை. அந்த நோய்க்கு பி.ஐ. 5க்குக் கீழே போனால் பரவும் வாய்ப்பு குறைவு, 50க்கு மேலே போனால் ஆபத்து என்றுதான் உலக சுகாதார நிறுவனம் முதலில் சொன்னது. டெங்குவுக்கு அப்படியே ஒட்டாது. 10க்குக் கீழே இருந்த தெருவிலும் டெங்கு வந்திருக்கிறது. அதனால் ‘10தானே, பயமில்லை’ என்று ஒரு வரி எழுதிவிடாதீர்கள்.

பி.ஐ.யின் பெரிய ஓட்டை என்னவென்றால், ரெண்டு புழு இருந்த கொட்டாங்கச்சியும் ஒன்று, ஐந்நூறு புழு இருந்த சிமென்ட் தொட்டியும் ஒன்று. முடிந்தால் கூட்டுப்புழுவை எண்ணச் சொல்லுங்கள். புழுவில் பாதிக்கு மேல் வழியிலேயே செத்துப்போகும். கூட்டுப்புழு ஆனது பெரும்பாலும் ரெண்டு நாளில் கொசுவாகிவிடும். எனவே எந்தக் கலனில் கூட்டுப்புழு கூட்டமாக இருக்கிறதோ அதுதான் தெருவுக்குக் கொசு சப்ளை செய்கிறது. நம் பக்கம் தண்ணீர் நாள்விட்டு வரும் தெருக்களில் அது அனேகமாக சிமென்ட் தொட்டியும் டிரம்மும்தான். பூச்சட்டி பூச்சட்டியாகத் தேடி நேரத்தைக் கழிப்பதைவிட அந்த ரெண்டையும் முடித்தால் முக்கால்வாசி வேலை ஆகிவிடும்.

தேவனாம்பட்டினம்

கடற்கரை ஓரத்துக்கு ஒரு வார்த்தை. உப்பங்கழிக் குட்டை, பள்ளம் இவற்றில் புழு எடுத்தால் அனாபிலஸ் சப்பிக்டஸ், கியூலக்ஸ் சிட்டியன்ஸ் இரண்டும் வரும். உப்புத் தண்ணீரில் வாழக்கூடியவை. ‘உப்புத் தண்ணியில கொசு வராது’ என்று எங்கள் பக்கம் பேசிக்கொள்வது வெறும் நம்பிக்கை. மலேரியாவுக்கு ஊருக்குள் முக்கியமானது அனாபிலஸ் ஸ்டீபன்சி. அது கிணற்றிலும் மாடித் தொட்டியிலும் வரும். அதாவது மஞ்சக்குப்பம் தாளில் உள்ள மாடித் தொட்டியில் இரண்டு பேரினமும் சேர்ந்தே இருக்கலாம்.

ஸ்பிரிட் பாட்டில்

அதை வெறும் கண்ணாலேயே பிரிக்கலாம். வெள்ளைத் தட்டில் தண்ணீரை ஊற்றி ஒரு நிமிடம் ஆட்டாமல் வையுங்கள்.

அனாபிலஸ் புழுவுக்கு மூச்சுக்குழல் கிடையாது. தண்ணீர் மட்டத்துக்கு இணையாகக் குச்சி மாதிரி படுத்துக் கிடக்கும். ஏடிஸும் கியூலக்ஸும் தலைகீழாகத் தொங்கும், வால்பக்கக் குழல் மட்டும் மேலே தொட்டுக்கொண்டிருக்கும். குழல் குட்டையாக, தடித்து, புழு கிட்டத்தட்ட நெட்டுக்குத்தாகத் தொங்கினால் ஏடிஸ். குழல் நீண்டு ஒல்லியாக, புழு சாய்ந்து தொங்கினால் கியூலக்ஸ். ஏடிஸ் நெளிகிற விதமே வேறு, பாம்பு மாதிரி வளைந்து வளைந்து போகும். நிழல் பட்டதும் அடிக்கு ஓடி ரொம்ப நேரம் அங்கேயே இருக்கும். ஆய்வில் விட்டுப்போவதே இதனால்தான். மூடியைத் திறந்து எட்டிப் பார்த்து ‘ஒன்றுமில்லை’ என்று எழுதிவிட்டுப் போய்விடுகிறார்கள். டார்ச் அடித்து மூணு நிமிடம் அசையாமல் நின்றால் மேலே வரும்.

இதற்கு மேல் சிற்றினம் வேண்டுமானால் நுண்ணோக்கி. எட்டாவது வயிற்றுத் துண்டின் பக்கவாட்டில் சீப்புப் பற்கள் ஒரே வரிசையில் இருக்கும். ஈஜிப்டிக்கு ஒவ்வொரு பல்லிலும் நடு முள்ளோடு பக்க முட்களும் எடுப்பாக நிற்கும், சூலம் போல. டெங்கு கடத்தும் இன்னொரு ஏடிஸான அல்போபிக்டஸுக்கு ஒற்றை முள்ளும் அடியில் மெல்லிய இழைகளும்தான். புழு தோல் உரித்து உரித்து நாலு நிலையாக வளரும், மூன்று, நான்காம் நிலைப் புழுவில்தான் இது தெளிவு. முதல் நிலைக் குஞ்சைக் கொண்டுவந்து சிற்றினம் கேட்டால், ஏடிஸ் எஸ்.பி. என்று எழுதித் தருவதுதான் நேர்மை.

உப்பாறு வாய்க்கால்

வளர்ந்த கொசுவுக்கு நெஞ்சின் முதுகுப்பக்கத்தைப் பாருங்கள். வெள்ளிக் கோடு யாழ் வடிவில் இருபுறமும் வளைந்திருந்தால் ஈஜிப்டி. நடுவில் நேராக ஒரே வெள்ளைக் கோடு என்றால் அல்போபிக்டஸ். அது வீட்டுக்கு வெளியே தோட்டம், மரப்பொந்து, ரப்பர்ப் பால் கப்பு, வாழை இலையடி என்று இருப்பது. இரண்டும் டெங்கு கடத்தும், ஆனால் தேடும் இடம் மாறும்.

உங்கள் தாளில் மூன்றாவது ஆசாமிதான் ரொம்பப் பேரை ஏமாற்றுவது. ஆர்மிஜெரஸ் சபால்பேட்டஸ் பெரிய கறுப்புக் கொசு, காலிலும் வயிற்றிலும் வெள்ளை உண்டு. ‘வரிக் கொசு, டெங்குக் கொசு’ என்று போட்டோ அனுப்புகிறார்களே, அதில் பாதி இதுதான். பார்த்தவுடன் சொல்ல: ஏடிஸைவிடப் பருமன், உறிஞ்சு குழல் நுனி கீழ்நோக்கி வளைந்திருக்கும், நெஞ்சில் யாழும் இல்லை நடுக்கோடும் இல்லை, அந்தி சாய்கிற நேரம் கூட்டமாக வந்து காலைக் கடிக்கும். செப்டிக் டேங்கில் விரிசல் இருக்கிறது, காற்றுக் குழாயில் வலை இல்லை என்பதற்கு அது சாட்சி. நம்மூரில் டெங்குவுக்கு அது காரணம் இல்லை.

மஞ்சக்குப்பம் சங்கம்

கடி ஒன்றுதானே, எது கடித்தால் என்ன என்று கேட்டால்?

உப்பாறு வாய்க்கால்

கடி ஒன்று, மருந்து வேறு. இடம் இடமாகச் சொல்கிறேன்.

மாடித் தொட்டி, சிமென்ட் தொட்டி (ஏடிஸ்): டெமிபாஸ், நம்மூர்ப் பேச்சில் அபேட். 50 சதவீத இ.சி. (தண்ணீரில் கலக்கும் திரவச் செறிவு) என்றால் 1,000 லிட்டருக்கு 2 மில்லி. கணக்கு எளிது: இலக்கு லிட்டருக்கு 1 மில்லிகிராம், 1,000 லிட்டருக்கு 1 கிராம், இ.சி.யின் 1 மில்லியில் அரை கிராம் மருந்து இருக்கிறது. நாலடி நீளம், மூணடி அகலம், ரெண்டரை அடி ஆழத் தொட்டி 30 கன அடி. கன அடிக்கு 28.3 லிட்டர், ஆக சுமார் 850 லிட்டர், 1.7 மில்லி. ஊசி போடும் சிரிஞ்சில் அளக்க வேண்டும், மூடியால் ‘ஒரு மூடி’ என்று ஊற்றக் கூடாது. நேராகவும் ஊற்றக் கூடாது. மக்கில் தண்ணீர் எடுத்து அதில் கலந்து பால் மாதிரி ஆனபின் தொட்டியில் பரவலாக ஊற்ற வேண்டும். நேராக ஊற்றினால் ஒரே இடத்தில் தேங்கி நாற்றம் அடிக்கும், வீட்டுக்காரர் அன்றைக்கே தொட்டியைத் திறந்து விட்டுவிடுவார். இதை நகராட்சி ஆட்கள்தான் ஊற்ற வேண்டும், கடையில் வாங்கி வீட்டில் வைத்துக்கொள்ளும் சாமான் இல்லை. 1 சதவீத மணல் குருணை என்றால் 10 லிட்டருக்கு 1 கிராம், குடத்துக்கும் டிரம்முக்கும் அது வசதி.

சாக்கடை (கியூலக்ஸ்): அதே 50 சதவீத இ.சி., 10 லிட்டர் தண்ணீரில் 2.5 மில்லி கலந்து, ச.மீட்டருக்கு 20 மில்லி கரைசல், வாரம் ஒருமுறை. ஆனால் குப்பை அடைத்துத் தேங்கிய வாய்க்காலில் மருந்து அடியில் போகாது. பிளாஸ்டிக் கவரின் மேலே தெளித்துவிட்டு ‘மருந்து அடித்தாச்சு’ என்று எழுதுவதற்கு அர்த்தமில்லை. தூர் வாரி ஓடவிட்டால் மருந்தே பாதி வேண்டாம்.

செப்டிக் டேங்க் (ஆர்மிஜெரஸ், கூடவே கியூலக்ஸ்): மருந்து கடைசி. மூடியைச் சுற்றி சிமென்ட் பூச்சு, காற்றுக் குழாய் நுனியில் நைலான் வலை கட்டி கம்பியால் இறுக்கு. வலை ஆறு மாத வெயிலில் நைந்து போகும், மாற்ற வேண்டும்.

கெடிலக்கரை

பேசாமல் விடக் கூடாதது ஒன்று: அபேட் கூட்டுப்புழுவைத் தொடாது. கூட்டுப்புழு எதையும் தின்பதில்லை. மருந்து போட்ட மறுநாள் கொசு வந்தால் ‘கலப்பட மருந்து’ என்று சண்டைக்கு வருவார்கள். தொட்டியில் கூட்டுப்புழு தெரிந்தால் முதலில் கொட்டித் தேய், பிறகு நிரப்பு, பிறகு மருந்து.

தேய்ப்பதுதான் உயிர்நாடி. ஏடிஸ் முட்டையைத் தண்ணீரில் இடாது. தண்ணீர் மட்டத்துக்குக் கொஞ்சம் மேலே ஈரச் சுவரில் ஒவ்வொன்றாக ஒட்டும். கறுப்பாக, கசகசா மணி அளவுகூட இருக்காது. அது காய்ந்து மாதக் கணக்கில் கிடக்கும், மறுபடி தண்ணீர் ஏறினால் பொரியும். தொட்டியைக் காலிசெய்து வெயிலில் வைத்துவிட்டு மறுபடி நிரப்புகிறவர்கள் ஏமாறுவது இதில்தான். தேங்காய் நார் அல்லது முரட்டு பிரஷ், பிளீச்சிங் பவுடர் தொட்டு, தண்ணீர்க் கோட்டுக்கு நாலு விரல் மேலேயும் கீழேயும் தேய்த்து, அந்தக் கழுவின தண்ணீரையும் மண்ணில் ஊற்ற வேண்டும், பக்கத்து வாளியில் அல்ல. வாரம் ஒருமுறை என்று சொல்வதற்குக் காரணம், நம் சூட்டில் முட்டை பொரிந்து கொசுவாக ஏழிலிருந்து பத்து நாள் ஆகிறது. பதினைந்து நாளுக்கு ஒருதரம் என்றால் ஒரு தலைமுறை பறந்துவிட்டது என்று பொருள்.

கியூலக்ஸ் அப்படி இல்லை. அது தண்ணீர் மேலே முட்டைகளைப் படகு மாதிரி ஒட்டி இருநூறு முந்நூறாக இடும். காய்ந்தால் செத்துவிடும். அதனால் சாக்கடையை ஓடவிட்டாலே போதும், தேய்க்கத் தேவையில்லை. பெயர் வேறாக இருந்தால் வேலை வேறு என்று மேலே சொன்னது இதனால்தான்.

தேவனாம்பட்டினம்

கொசுவுக்குப் புகை அடிக்கிற வண்டி?

உப்பாறு வாய்க்கால்

கண்ணுக்குத் தெரியும் வேலை என்பதால் எல்லாரும் அதைத்தான் கேட்பார்கள். வெளியே அடிப்பது டெக்னிக்கல் மாலத்தியான் 1 பங்கு, டீசல் 19 பங்கு, அதாவது 5 சதவீதம். வீட்டுக்குள் என்றால் 2 சதவீத பைரித்ரம் 1 பங்கு, மண்ணெண்ணெய் 19 பங்கு, கிடைப்பது 0.1 சதவீதம். ரெண்டுக்கும் 1க்கு 19 என்பதால் டப்பா மாறிப்போகும் தவறு நடக்கிறது, லேபிளைப் பாருங்கள்.

ஏடிஸ் பகலில் கடித்துவிட்டு வீட்டுக்குள் தொங்கும் துணி, கட்டிலடி, திரைச்சீலை மறைவில் உட்காரும். தெருவில் ஓடும் வண்டியின் புகை கதவு மூடிய வீட்டுக்குள் போகாது. காற்று பலமாக இருந்தாலும் பயனில்லை. நடு மத்தியானத்தில் தரை சூட்டில் புகை மேலே கிளம்பிவிடும். காலையிலோ அந்தியிலோ, கதவு ஜன்னல் திறந்து வைத்து, சமையல் மூடிவைத்து, அடித்தபின் அரைமணி நேரம் உள்ளே போகாமல் இருக்க வேண்டும். அப்படிச் செய்தாலும் பறக்கிற கொசுதான் சாகும், தொட்டியில் நாளை வருவது நாளைக்கு. டெங்கு நோயாளி இருக்கிற வீட்டைச் சுற்றி அடிக்க அதற்கு ஒரு இடம் உண்டு, அவ்வளவுதான்.

வில்லியனூர் வயல்

வயல் பக்கத்தையும் பலகையில் ஒரு வரி போடுங்கள், ஊர் எல்லையில் வயல் இருந்தால். டிரைடீனியோரிங்கஸுக்கு மருந்தைவிடத் தண்ணீர் மேலாண்மைதான். காய்ச்சலும் பாய்ச்சலும் முறையில் வயலை ரெண்டு மூணு நாள் முழுசாகக் காயவிட்டால் புழு தாங்காது. அரைகுறையாக வடித்தால் மாட்டுக் குளம்புப் பள்ளத்திலும் வரப்போரக் குழியிலும் மிஞ்சிய தண்ணீரில் புழு இன்னும் நெருக்கமாகத் தேறிவிடும், செய்த வேலை வீண். பன்றிக் கூடம் வயலோரத்தில் இருந்தால் அதை ஊரைவிட்டுத் தள்ளி வைப்பது அடுத்தது. வைரஸ் கொக்கு, நாரையிலிருந்து பன்றிக்கு வந்து அங்கே பெருகுகிறது.

குளத்தில் ஆகாயத்தாமரை மிதந்தால் மான்சோனியா என்று இன்னொரு பேரினம். அதன் புழு வேரில் குழலைக் குத்திக் காற்று வாங்கிக்கொண்டு மேலே வரவே வராது. டிப்பரில் (கைப்பிடி போட்ட மொள்ளும் கரண்டி) மொண்டு பார்த்துவிட்டு குளம் சுத்தம் என்று எழுதுவார்கள். செடியைப் பிடுங்கி வெள்ளைத் தொட்டியில் வேரை உதறிப் பார்க்க வேண்டும்.

மஞ்சக்குப்பம் சங்கம்

மீன் விடலாமா? யாழ்ப்பாணத் துண்டறிக்கை ஒன்றில் ‘நுளம்புக் குடம்பி’ என்று இருக்கிறது, அதுவும் இதே விஷயம்தானே?

ஸ்பிரிட் பாட்டில்

அதே விஷயம். அவர்கள் வழக்கில் நுளம்பு கொசு, குடம்பி புழு. உங்கள் பலகையில் கொசு, கொசுப்புழு, கூட்டுப்புழு போதும்.

உப்பாறு வாய்க்கால்

மீன்: கிணற்றுக்கும் அலங்காரத் தொட்டிக்கும் கப்பி அல்லது கம்பூசியா. கப்பி கொஞ்சம் அழுக்குத் தண்ணீரிலும் பிழைக்கும், கம்பூசியாவுக்குச் சுத்தமான தண்ணீர் வேண்டும். குடிநீருக்குக் குளோரின் போட்ட அன்றைக்கு மீனை விட்டால் மறுநாள் செத்து மிதக்கும். கம்பூசியாவை ஊசுட்டேரியிலோ பாகூர் ஏரியிலோ கொண்டுபோய் விடாதீர்கள். அது வெளிநாட்டு மீன், நம் சின்ன மீன்களின் முட்டையையும் குஞ்சையும் தின்று தீர்த்துவிடும்.

பாக்டீரியா மருந்து பி.டி.ஐ. பற்றியும் கேட்பீர்கள். புழு தின்றால்தான் குடலில் வேலை செய்யும், எனவே அதுவும் கூட்டுப்புழுவுக்கு இல்லை. அழுக்கான சாக்கடையில் சீக்கிரம் வலுவிழக்கும். புதுச்சேரியில் 1975இல் தொடங்கிய நோய்க்கடத்திக் கட்டுப்பாட்டு ஆராய்ச்சி மையம் உருவாக்கிய பி.டி.ஐ. ரகம் ஒன்று உண்டு. 1981 முதல் 1985 வரை அவர்கள் இந்த ஊரில் யானைக்கால் கொசுவுக்கு நடத்திய ஒருங்கிணைந்த திட்டத்தில் மருந்தைவிட வடிகாலைச் சரிசெய்வதும் இனப்பெருக்க இடத்தை மூடுவதும் பெரிய பங்கு. மருந்தைத் தனியாக நம்பினால் வேலை முடியாது என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை.

மஞ்சக்குப்பம் சங்கம்

அடுத்த ஆய்வில் எஸ்.பி.பி. என்று வராமலிருக்க எங்கள் பக்கம் மாதிரி எப்படி எடுத்துக் கொடுப்பது?

ஸ்பிரிட் பாட்டில்

புழுவை அங்கேயே ஆல்கஹாலில் போடாதீர்கள், சுருங்கிக் கறுத்துப்போகும். 60 டிகிரி வாக்கில் சூடான தண்ணீரில் ஒரு நிமிடம், கொதிக்கிற தண்ணீர் வேண்டாம், பிறகு 80 சதவீத எத்தனாலில். ஒரு கலனின் புழுக்களை ஒரு குப்பியில். மாடித் தொட்டியையும் சாக்கடையையும் ஒரே குப்பியில் கலந்தால் யார் எங்கே இருந்தார்கள் என்பதே போய்விடும். லேபிளை பென்சிலில் எழுதிக் குப்பிக்குள் போடுங்கள். பேனா மை ஸ்பிரிட்டில் கரையும். வெளியே ஒட்டிய ஸ்டிக்கர் ஈரத்தில் உரிந்து விழும்.

வளர்ந்த கொசுவுக்கு இதற்கு நேர்மாறு. ஸ்பிரிட்டில் போட்டால் செதில் கழன்று யாழும் கோடும் அழிந்துவிடும். சிலிக்கா ஜெல் போட்ட சின்ன டப்பாவில், பஞ்சு வைத்து, உலர்ந்ததாக. பஞ்சை அழுத்தி வைக்காதீர்கள், கால் ஒடிந்தால் வளையம் எண்ண முடியாது. அடித்துக் கொன்ற கொசுவையும் அனுப்பாதீர்கள். கூட்டுப்புழு கிடைத்தால் ஒன்றொன்றாகத் தனி டப்பாவில் தண்ணீரோடு வைத்து, வாயில் வலை கட்டி, ரெண்டு நாளில் வெளிவந்த கொசுவை, உதிர்ந்த தோலோடு சேர்த்துக் கொடுங்கள். பெயர் சொல்ல இதைவிட நல்ல பொருள் கிடையாது. வெளிவந்ததும் உடனே கொல்ல வேண்டாம், ஒரு நாள் விட்டால்தான் நிறம் ஏறும்.

பெயருக்குப் பின்னால் ஆள் பெயரும் ஆண்டும் வந்தால் அப்படியே வையுங்கள். ‘ஏடிஸ் ஈஜிப்டி (லின்னேயஸ், 1762)’ என்று அடைப்புக்குறிக்குள் இருப்பதும் ‘கியூலக்ஸ் குயின்கேஃபாசியாட்டஸ் ஸே, 1823’ என்று குறி இல்லாமல் இருப்பதும் அச்சுப்பிழை அல்ல. லின்னேயஸ் முதலில் அதைக் கியூலக்ஸ் பேரினத்தில்தான் வைத்தார், பின்னால் ஏடிஸுக்கு மாறியது, அதற்குத்தான் அடைப்புக்குறி. ஸே வைத்தது இன்றும் கியூலக்ஸிலேயே இருக்கிறது.

கெடிலக்கரை

குப்பி லேபிளில் இவ்வளவு போதும்: தேதி, தெரு, கலன் வகை, அதில் இருந்த தண்ணீர் தோராயமாக எத்தனை லிட்டர், நிழலா வெயிலா, கடைசியாக மருந்து போட்ட நாள். வீட்டுக்காரர் பெயர் வேண்டாம், கதவு எண் படிவத்தில் இருக்கட்டும். வடகிழக்குப் பருவமழை தொடங்கி முதல் நல்ல மழைக்கு ஏழாம் நாள் ஒரு சுற்று வையுங்கள். காய்ந்து கிடந்த டயர், தேங்காய் மட்டை, மாடியில் போட்ட பழைய கம்மோடு எல்லாவற்றிலும் அப்போதுதான் முட்டை பொரிந்து நாலாம் நிலைப் புழு கையில் கிடைக்கும்.